வால்வுப் பொறுப்பாளர், டி பிளாக் எதிரில்

12.03.2007 – வால்வுக் கம்பி வந்தது – செலவு இல்லை
09.06.2024 – சங்கத் தேர்தல் – 41 ஓட்டு
19.06.2024 – லேத்துப் பட்டறையில் புதுக் கம்பி – ரூ. 1,850
23.06.2024 – தண்ணீர் – 0 குடம்
25.06.2024 – தண்ணீர் – 0 குடம்
01.07.2024 – மனு எழுதக் கூலி – ரூ. 150
07.10.2024 – அறிக்கை எழுதக் கூலி – ரூ. 150, பதிவுத் தபால் – ரூ. 26

கடலோரத்திலிருந்து கிளப்பிக் கொண்டுவந்தவர்களுக்காக எர்ணாவூரில் கட்டிய குடியிருப்பு அது. நான்கு பிளாக்குகள், பிளாக்குக்கு முப்பத்திரண்டு வீடு, ஆக நூற்றிருபத்தெட்டு. இந்த நூற்றிருபத்தெட்டு வீட்டையும் பதினேழு வருடமாக ஆண்டவள் கெங்கம்மா. இருப்பிடம் டி பிளாக், மூன்றாவது மாடி, முப்பத்திரண்டாம் நம்பர். வயது ஐம்பத்தெட்டு. பிழைப்பு, திருவொற்றியூரில் ஒரு கொட்டகையில் இறால் உரிப்பது. அவளை யாரும் தேர்ந்தெடுக்கவில்லை. யாரும் நியமிக்கவில்லை. அவளும் படை திரட்டி வந்து எதையும் பிடித்துக்கொள்ளவில்லை.

2007 மார்ச் 12, திங்கட்கிழமை காலை. வால்வு திறந்துவிட ஒப்பந்தத்தில் வந்துகொண்டிருந்த மணி என்பவர், தலைப்பக்கம் குறுக்குப்பிடி வைத்த நாலடி இரும்புக் கம்பியை டி பிளாக் படிக்கட்டில் உட்கார்ந்திருந்த கெங்கம்மாவிடம் நீட்டினார்.

"எக்கா, இத்த கொஞ்சம் புட்ச்சிகினு இரு. நாஸ்தா துன்னுட்டு அரை அவர்ல வந்துடறேன்."

நாஸ்தா கடையில் அவருக்குப் போன் வந்தது. அன்றோடு ஒப்பந்தம் முடிந்தது, மறுநாளிலிருந்து வரவேண்டாம் என்று சொன்னார்கள். வேலையே போன பிறகு ஒரு கம்பிக்காகத் திரும்பி நடக்க அவருக்கு என்ன தலையெழுத்து. இரண்டாம் நாள் விடியலில் பைப்பில் தண்ணீர் வந்து நின்றது, திறக்க ஆள் இல்லை. நூற்றிருபத்தெட்டு வீட்டுக் குடமும் வரிசையில் நிற்கக் கண்டு, கெங்கம்மா கம்பியைத் தூக்கிக்கொண்டு கீழே இறங்கினாள். அவ்வளவுதான். ஓர் அரசாங்கம் ஏற்பட்டுவிட்டது.

அதன் நடைமுறை இது. ஒன்றுவிட்டு ஒருநாள் விடிகாலை ஐந்து பத்துக்குத் தண்ணீர் வரும். ஆறு இருபத்திரண்டரைக்கு நிற்கும். டி பிளாக்குக்கு எதிரே ஒரு குழி, குழிக்குள் பிளாக்குக்கு ஒன்றாக நான்கு வால்வு. நான்கையும் ஒரே சமயத்தில் திறந்தால் முதலில் இருக்கும் ஏ பிளாக் நிரம்பி வழியும், கோடியில் இருக்கும் டி பிளாக்குக் குழாய் இருமும். ஆகவே ஒன்று மாற்றி ஒன்றாகத்தான் திறக்கவேண்டும். ஏ, பி, சி மூன்றுக்கும் பதினேழரை நிமிடம். டி பிளாக்குக்கு இருபது நிமிடம். பிளாக்குக்கு நான்கு குழாய், குடத்துக்கு முப்பத்து மூன்று விநாடிக்குள், வீட்டுக்கு நான்கு குடம். வரிசை வீட்டு நம்பர்படி. குடத்தை மட்டும் வரிசையில் வைத்துவிட்டு ஆள் தூங்கப்போனால் அந்தக் குடம் வரிசையின் கடைசிக்குப் போகும். சண்டை போட்டால் குடமும் ஆளும் சேர்ந்து போகவேண்டும். அப்பீல் கிடையாது.

இன்னொரு சங்கதியும் உண்டு. உலகத்து வால்வெல்லாம் இடப்பக்கம் திருப்பினால் திறக்கும். இந்த நான்கும் வலப்பக்கம் திருப்பினால்தான் திறக்கும். ஏன் அப்படி மாட்டினார்கள் என்று யாருக்கும் தெரியாது. கெங்கம்மா முதல் மாதத்தில் உள்ளங்கை உரிந்து கற்றுக்கொண்டாள்.

தண்ணீர் விடுகிற கைக்கு நியாயமும் தெரியும் என்று ஜனங்கள் எப்படியோ முடிவு செய்துவிட்டார்கள். புருஷன் பெண்டாட்டி தகராறு, மாடித் துணி காயப்போடும் கொடி யாருக்கு என்ற வழக்கு, பக்கத்து வீட்டுச் சேவல் நேரங்கெட்ட நேரத்தில் கூவுகிறது என்ற புகார், எல்லாம் குழி மேட்டில் வைத்துத்தான் தீர்ந்தன. காதுகுத்துக்குப் போனால் முதல் பந்தி. தேர்தல் வந்தால் வேட்பாளர்கள் மூன்று மாடியும் ஏறி வந்து அவளைக் கும்பிட்டார்கள். இறங்கும்போது மூச்சு வாங்கிக்கொண்டே, "யாருய்யா அந்தம்மா" என்று கூட வந்தவனிடம் கேட்டவர்களும் உண்டு.

இப்படிப் போய்க்கொண்டிருந்த ஆட்சிக்கு 2024 மே மாதம் ஒரு சோதனை வந்தது. ஏ பிளாக் மூன்றாம் நம்பர் வீட்டு வல்லரசுக்குக் கன்டெய்னர் யார்டில் சூப்பர்வைசர் வேலை. வயது இருபத்தாறு. நாடு அணுகுண்டு வெடித்துப் பார்த்த வருடம் பிறந்ததால் அப்பா வைத்த பெயர். ஒருநாள் லீவில் இருந்தவர், போனில் நிமிடமுள்ளை ஓடவிட்டு நான்கு பிளாக்குக்கும் அளந்துவிட்டார்.

"இன்னாக்கா, டி பிளாக்குக்கு மட்டும் ரெண்டரை நிமிசம் எக்ஸ்ட்ரா ஓடுது?"

"ஓடறது காத்து நைனா. எங்க பைப்பு நீளம். மொதோ ரெண்டரை நிமிசம் புஸ்ஸு புஸ்ஸுனு காத்துதான் வரும். அப்பால தான் தண்ணி."

"காத்துன்னு யார் சொன்னது?"

"நான் சொல்றேன்."

"நீ யாரு?"

பதினேழு வருடத்தில் யாரும் கேட்காத கேள்வி. கெங்கம்மா அண்ணாந்து தன் வீட்டைப் பார்த்தாள், கையிலிருந்த கம்பியைப் பார்த்தாள், அப்புறம் சி பிளாக்குக்கு நேரமாகிவிட்டதென்று குனிந்துகொண்டாள்.

ஆனால் மனசுக்குள் கணக்கு ஓடியது. இரண்டரை நிமிடம் போனால் பதினெட்டுக் குடம் போகும். பதினெட்டுக் குடம் என்றால் நாலரை வீடு. வரிசை நம்பர்படி போவதால் அந்த நாலரை வீடும் மூன்றாவது மாடியின் கடைசி வீடுகள். முப்பத்திரண்டாம் நம்பருக்கு அப்புறம் வீடே கிடையாது. கம்பி ஏ பிளாக்குக்குப் போனால் அவளும் பக்கத்து நான்கு வீடும் லாரித் தண்ணீருக்கு மெயின் ரோட்டில் நிற்கவேண்டும். நடந்ததெல்லாம் இந்தப் பதினெட்டுக் குடத்துக்காகத்தான்.

வல்லரசு படித்த பிள்ளை. அடிதடிக்கு வரவில்லை. குடியிருப்போர் நலச் சங்கம் ஒன்றை ஆரம்பித்தார். முதலில் ரப்பர் ஸ்டாம்ப் வந்தது, அப்புறம் லெட்டர்ஹெட், அப்புறம் உறுப்பினர்கள். ஜூன் 9, ஞாயிற்றுக்கிழமை, பிஸ்கட் டின்னில் ஓட்டை போட்டுத் தேர்தல். விழுந்த ஓட்டு நாற்பத்தேழு. வல்லரசுக்கு நாற்பத்தொன்று, செல்லாதது ஆறு. எதிர்த்து யாரும் நிற்கவில்லை. தேர்தல் நடப்பது எதிரே நிற்க வேண்டியவளுக்குத் தெரியாது, அவள் இறால் கொட்டகையில் இருந்தாள். மறுநாளே கடிதம் வந்தது. 'தங்கள் வசம் உள்ள பொதுச்சொத்தான இரும்புக் கம்பியை மூன்று தினங்களுக்குள் தலைவரிடம் ஒப்படைக்கவும்.'

கெங்கம்மா கடிதத்தை எடுத்துக்கொண்டு திருவொற்றியூருக்குப் போனாள். அங்கே ஓர் அரசு அலுவலக வாசலில் குடை விரித்து மனு எழுதுகிறவர் லோகநாதன். அவர் கடிதத்தைக் கையில் வாங்காமலே படித்தார்.

"இத்த நான் எழுதனதுதாம்மா. நல்லா வந்துகீதா?"

"அவனுக்கும் எழுதுவ, எனக்கும் எழுதுவியா நைனா?"

"சலூன்ல ரெண்டு கட்சிக்காரனும்தான் முடி வெட்டிக்கிறான். உக்காரு. இப்ப உன் கேஸு இன்னான்னா, உங்கிட்ட கீறது பவரு. அந்தப் புள்ள கிட்ட கீறது அதாரிட்டி."

"ரெண்டும் ஒண்ணு இல்லியா?"

"எப்டிம்மா ஒண்ணாவும்? நீ சொன்னா ஜனம் கேக்குது பாரு, அது பவரு. ஜனம் கேக்கணும்னு பேப்பர்ல கீது பாரு, அது அதாரிட்டி."

"அவன் சொன்னா ஜனம் கேக்குதா?"

"அது வேற சப்ஜெக்ட்டு. பேப்பர் கீதா, கீது."

கெங்கம்மா யோசித்தாள். "அப்ப எனக்கும் ஒரு பேப்பரு போட்டுக் குடு."

"போடலாம். கையெழுத்து யார் போடறது? அந்த வால்வு எந்த ஆபீசுக்குச் சொந்தம்? அது தெரிஞ்சாத்தான உன்ன வெச்சது யாருன்னு தெரியும்."

"என்ன வெச்சது மணி."

"மணிய வெச்சது?"

"காண்ட்ராக்ட்டு."

"காண்ட்ராக்ட்ட வெச்சது?"

அதற்குமேல் அவளுக்குத் தெரியாது. லோகநாதனுக்கும் தெரியாது. கூலி வாங்காமல் அனுப்பிவைத்தார். அவருடைய தொழிலில் அது அபூர்வம்.

கம்பி வராததால் வல்லரசு 19ஆம் தேதி லேத்துப் பட்டறையில் 1,850 ரூபாய்க்குப் புதுக் கம்பி செய்துகொண்டார். 23ஆம் தேதி, ஞாயிற்றுக்கிழமை, விடிகாலை ஐந்து மணிக்குக் குழி மேட்டில் பேனர். அதில் தலைவர் இரு கையாலும் கும்பிட்டுக்கொண்டிருந்தார். நேரில் இரு கையாலும் கம்பியைப் பிடித்திருந்தார். குழிக்கு மாலை, கம்பிக்குச் சந்தனப் பொட்டு. ஐந்து பத்துக்கு ஏ பிளாக் வால்வை இடப்பக்கம் திருப்பினார். வரவில்லை. இன்னும் திருப்பினார். யார்டு பையன்கள் மூன்று பேர் சேர்ந்து தொங்கினார்கள். உள்ளே ஏதோ 'நறுக்' என்றது. சரி, இது பழுது, அடுத்ததைப் பார்ப்போம் என்று பி பிளாக்குக்குப் போனார்கள். அப்புறம் சி. அப்புறம் டி. நான்கையும் ஒரே பலத்தோடு, ஒரே திசையில், ஒருவருக்கும் பாரபட்சம் காட்டாமல் இறுக்கி மூடிவிட்டார்கள்.

கெங்கம்மா மாடிப்படித் திருப்பத்தில் பல் விளக்கிக்கொண்டு நின்றாள். யாரும் அவளைக் கேட்கவில்லை. கேட்டிருந்தாலும் வாய் நிறையப் பல்பொடி.

25ஆம் தேதியும் அதே கதை. 26ஆம் தேதி சாயங்காலம் ஏ பிளாக், பி பிளாக் பெண்கள் முப்பது பேர் மூன்று மாடி ஏறி வந்தார்கள்.

"இன்னாக்கா, இப்டி கம்முனு குந்திகினா எப்டி? கொழந்த குட்டி நாறுதுக்கா. நாலு நாளா வூடே கலீஜா கீது."

"உங்க தலைவராண்ட போங்க."

"அவரு அம்மாவே வந்துகீதுக்கா. தோ, பின்னால."

வல்லரசுவின் அம்மா முத்தம்மா கூட்டத்தின் பின்னால் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு நின்றார். கெங்கம்மா அவரைப் பார்த்தாள், பிறகு எழுந்து தேங்காய் எண்ணெய் பாட்டிலை எடுத்தாள். நான்கு வால்வுத் தண்டிலும் எண்ணெய் விட்டுச் சுத்தியலின் மரப்பிடியால் சுற்றிலும் தட்டிவிட்டு வந்தாள். 27ஆம் தேதி ஐந்து பத்துக்குப் பழைய கம்பியைப் போட்டு, கால் சுற்றுக் கால் சுற்றாக வலப்பக்கம் திருப்பினாள். ஏ பிளாக் குழாய் முதலில் துருவைத் துப்பியது, பிறகு தண்ணீர்.

அன்று வல்லரசுவே இரண்டு குடத்தோடு வந்தார், வந்த வேகத்தில் குழாயை நோக்கிப் போனார்.

"வரிசைல நில்லு தலைவரே," என்றாள் கெங்கம்மா. அவர் நின்றார்.

ஆனால் நின்ற இடத்தில் யோசித்தார். தோற்றது கம்பியில்தான், பேப்பரில் இல்லையே. ஜூலை 1 அன்று லோகநாதனிடம் 150 ரூபாய் கொடுத்து மேலிடத்துக்கு ஒரு மனு எழுதினார். ஒன்று, மேற்படி பெண்மணி அதிகாரம் ஏதுமின்றி அரசுச் சொத்தை வைத்திருக்கிறார். இரண்டு, தன் பிளாக்குக்கு இரண்டரை நிமிடம் கூடுதலாகத் தண்ணீர் விடுகிறார். மூன்று, மக்கள் பிரதிநிதியை வரிசையில் நிற்கச் சொன்னார். நான்கு, இந்த வால்வுக்கு உரிய அதிகாரி யார் என்று தெரிவிக்க வேண்டுகிறேன்.

மனு புறப்பட்டது. தண்ணீர் விடும் அலுவலகம் ஜூலை 19இல் பதில் போட்டது. பைப் எங்களுடையது, ஆனால் வால்வு இருக்கும் குழி குடியிருப்பு வளாகத்துக்குள் வருவதால் கட்டிய அலுவலகத்தை அணுகவும். கட்டிய அலுவலகம் ஆகஸ்ட் 8இல் எழுதியது. குழி எங்களுடையதுதான், 2009லேயே வட்டார அலுவலகத்துக்கு ஒப்படைத்தாகிவிட்டது. வட்டார அலுவலகம் ஆகஸ்ட் 30இல் சொன்னது. ஒப்படைத்த பட்டியலில் குழி இருக்கிறது, வால்வு இல்லை. ஆகவே இந்த மனுவை உரிய அலுவலருக்கே அனுப்பி, பதினைந்து நாளில் விசாரித்து அறிக்கை தரக் கேட்டுக்கொள்கிறோம். உறையின் மேல் உரிய அலுவலரின் முகவரியை யாரோ ஒரு குமாஸ்தா, மனுவைப் பார்த்துத் தன்னால் ஆனமட்டும் எழுதியிருந்தார். 'வால்வுப் பொறுப்பாளர், டி பிளாக் எதிரில், எர்ணாவூர்.'

செப்டம்பர் 27, வெள்ளிக்கிழமை. தபால்காரர் காலித் சைக்கிளை நிறுத்தியபோது கெங்கம்மா படியில் உட்கார்ந்திருந்தாள். வல்லரசு பைக்கைத் துடைத்துக்கொண்டிருந்தார். காலித் உறையை இரண்டு தரம் படித்துவிட்டுக் கெங்கம்மாவிடம் நீட்டினார்.

"அண்ணே, அது ஆபீஸ் லெட்டர். தலைவர் நான் கீறேன், எங்கிட்டத்தான் குடுக்கணும்," என்றார் வல்லரசு.

"நாளன்னிக்கி தண்ணி யாரு உடறது? நீயா?" என்றார் காலித்.

வல்லரசு கையிலிருந்த துணியைப் பார்த்தார்.

"அப்ப கம்முனு பைக்கைத் தொட. கையெழுத்துப் போடு கெங்கம்மா."

உறைக்குள் இருந்தது அவளைப் பற்றிய புகார். விசாரிக்கச் சொல்லியிருந்தது அவளை. கெங்கம்மாவுக்கு முதலில் விளங்கவில்லை. விளங்கியதும் பயந்துபோனாள்.

"தப்பு பண்ணவளே எப்டி நைனா வெசாரிக்கிறது?" என்று லோகநாதனைக் கேட்டாள்.

"மேல எல்லாம் அப்டித்தாம்மா ஓடிகினு கீது. நீ இன்னா புதுசாவா பண்ணப்போற? சொல்லு, ரெண்டரை நிமிசம் உண்மையா, பொய்யா?"

"உண்மைதான். காத்துக்கு உடறேன்."

"காத்து கீத்துன்னு எழுதக்கூடாது. 'நிர்வாகக் காரணங்களை முன்னிட்டு டி பிளாக்கிற்கு இரண்டரை நிமிடம் கூடுதலாக வழங்கப்படுகிறது.' முட்ஞ்சிது."

"அவ்ளோதானா?"

"அவ்ளோதான். வரிசைல நிக்கச் சொன்னதுக்கு 'பொது ஒழுங்கைக் கருதி.' கம்பிக்கு 'பாதுகாப்பில் உள்ளது.'"

கெங்கம்மாவுக்குத் தன் காரியமெல்லாம் இத்தனை பெரிய காரியம் என்பது அன்றுதான் தெரிந்தது. கொஞ்சம் நிமிர்ந்து உட்கார்ந்தாள். "எத்தினி வருசமா பாத்துகினு வர்றேன்னும் போடு."

"அது கேக்கலியே. கேக்காதத்த எழுதக்கூடாதும்மா, ஆபீசு வழக்கம்."

"நீ எழுதினதுலாம் உன் வார்த்தை. இது ஒண்ணுதான் என்னுது. போடு நைனா."

லோகநாதன் போட்டார். 'இப்பொறுப்பாளர் 12.03.2007 முதல் இதே இடத்தில் இடைவிடாது பதினேழு ஆண்டு, ஆறு மாதம், இருபத்தைந்து நாள் பணியாற்றி வருகிறார்.' அக்டோபர் 7 அன்று பதிவுத் தபாலில் அறிக்கை போயிற்று.

அந்த ஒரு வரிதான் மேலே போய்ச் சிக்கிக்கொண்டது. வந்த பதில் ஒரே பக்கம். 'வால்வுப் பொறுப்பாளரின் அறிக்கை ஏற்கப்பட்டு மனு முடித்துவைக்கப்படுகிறது. மேலும், மேற்படி பொறுப்பாளர் ஒரே இடத்தில் மூன்றாண்டுகளுக்கு மேல் பணியாற்றி வருவது அவரது அறிக்கை வாயிலாகவே தெரியவருவதால், அவர் மணலி புதுநகருக்கு இடமாற்றம் செய்யப்படுகிறார். மாற்றுப் பொறுப்பாளர் வந்து பணியேற்கும்போது கம்பியை ஒப்படைத்துவிட்டுச் செல்லவும். பயணப்படி கிடையாது.' நகல், மனுதாரருக்கு.

மனுதாரர் அன்று மாலையே பேனர் கட்டினார். கோரிக்கையை ஏற்று இடமாற்றம் செய்த அதிகாரிகளுக்குச் சங்கத்தின் சார்பில் நன்றி. வீட்டுக்கு ஒரு லட்டு. கெங்கம்மாவுக்கும் ஒன்று வந்தது, முத்தம்மாவே கொண்டுவந்து கொடுத்துவிட்டு வேறு பக்கம் பார்த்தார். டி பிளாக் மூன்றாவது மாடியில் ஐந்து வீட்டிலும் பெண்கள் காலிக் குடத்தை எண்ணிக்கொண்டு உட்கார்ந்துவிட்டார்கள். யாரும் வேலையில் வைக்காதவளுக்கு இடமாற்றம் எப்படி வந்தது என்று கேட்க ஒருவருக்கும் தோன்றவில்லை. கெங்கம்மாவுக்கே, மணலி புதுநகருக்கு எந்த பஸ் என்ற யோசனைதான் முதலில் வந்தது.

மறுநாள் லோகநாதன் உத்தரவை மூக்குக்கண்ணாடி போட்டு ஒருதரம், கழற்றி ஒருதரம் படித்தார்.

"இதுல மாத்து ஆளு பேரு இன்னா?"

"பேரு இல்லியே."

"பேரு இல்லாத ஆளு எந்த பஸ்ஸு ஏறி வருவான்? வந்தாத்தான் நீ சார்ஜு குடுக்கணும். குடுக்கற வரைக்கும் நீதான் பொறுப்பு. ஆர்டர்லயே கீது பாரு."

"அவன் எப்ப வருவான்?"

"அவன மொதோ வேலைக்கு எடுக்கணும். அதுக்கு அந்த வால்வு யாருதுன்னு தெரியணும்."

கெங்கம்மா உத்தரவை லாமினேஷன் போட்டுக் குழி மேட்டில் ஆணியடித்து மாட்டினாள், வல்லரசுவின் பேனருக்கு நேர் கீழே. நவம்பர் 20ஆம் தேதி, புதன்கிழமை, ஐந்து பத்துக்குத் தண்ணீர் வந்தது. ஏ, பி, சி பிளாக்குக்குப் பதினேழரை நிமிடம். டி பிளாக்குக்கு இருபது. வல்லரசு போனில் அளந்தார், சரியாக இருபது. பிறகு உத்தரவை இன்னொருதரம் படித்தார். அதில் இரண்டரை நிமிடத்தைப் பற்றிய அறிக்கை ஏற்கப்பட்டிருந்தது. அவரே நன்றி சொல்லியும் இருந்தார். முப்பத்திரண்டாம் நம்பரின் நாலாவது குடம் நிரம்பியபோது ஆறு இருபத்திரண்டு.

மாற்றுப் பொறுப்பாளரைப் பற்றி இதுவரை தகவல் இல்லை. மேலிடத்திலிருந்து வந்த கடைசிக் கடிதம் அந்த உத்தரவுதான், வந்த தேதி 18.11.2024, திங்கட்கிழமை.